எங்கே நின்று பார்க்கிறோம்? – முல்க் ராஜ் ஆனந்த் குறித்து ஒரு பேச்சு

(முத்துப்பேட்டையில் நடந்த வாசகர் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம். பேச்சு மொழி சில இடங்களில் அப்படியே விடப்பட்டிருக்கிறது.)

தோழர்களுக்கு, அண்ணன்மார்களுக்கு, வாசப்படியில உட்கார்ந்து கேட்டுக்கிட்டிருக்கிற அக்காமார்களுக்கு, எல்லாருக்கும் ஜெய்பீம்.

இன்னிக்குக் கிளம்பி வரும்போது எங்க தெருப் பெரியவர் ஒருத்தர் வழி மறிச்சுக் கேட்டார். "எங்க தம்பி கூட்டம்? என்ன பேசப் போற?" கலை விமர்சகர் ஒருத்தரைப் பத்தி, நாவலும் எழுதினவர், பஞ்சாப்காரர்னு சொன்னேன். கொஞ்ச நேரம் என் முகத்தையே பார்த்தார். "படம் பாத்துச் சொல்றவன் கதை நமக்கு எதுக்குப்பா? நம்ம வூட்டுச் செவத்துல காலண்டர விட்டா என்ன படம் தொங்குது?" அப்படின்னார்.

இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லாமல் இந்தப் பேச்சைப் பேச முடியாது. அவர் பறையடித்துப் பழகிய கை. பத்துப் பதினைந்து வருஷத்துக்கு முன்னால், ஊர்த்தெருச் சாவுக்கு இனிமேல் பறையடிக்கப் போவதில்லை என்று எங்கள் தெரு முடிவு எடுத்தபோது முதல் ஆளாகக் கைதூக்கியவரும் அவர்தான். கலை என்றால் என்ன என்பதை அவரைவிட அதிக விலை கொடுத்து அறிந்தவர் இந்தக் கூட்டத்தில் யாரும் இல்லை. அதனால் அவர் கேள்வியைக் கையில் வைத்துக்கொண்டே ஆனந்திடம் போகலாம்.

முல்க் ராஜ் ஆனந்த் 1905 டிசம்பர் 12இல், இன்று பாகிஸ்தானில் இருக்கிற பெஷாவரில் பிறந்தவர். 2004 செப்டம்பர் 28இல் புனேயில் இறந்தார். 98 வயசு. செம்பு, பித்தளைப் பாத்திரம் அடிக்கிற குடும்பம். நம்ம கும்பகோணத்துக் கன்னார் மாதிரி. அப்பா லால் சந்த் சுத்தியலை வைத்துவிட்டு வெள்ளைக்காரன் பட்டாளத்தில் வேலைக்குப் போனார். பையன் பட்டாளக் குடியிருப்புகளில் வளர்ந்தான். அமிர்தசரஸில் கால்சா கல்லூரி, அப்புறம் லண்டன், தத்துவத்தில் டாக்டர் பட்டம். வர்ஜீனியா உல்ஃப் தம்பதியின் ஹோகார்த் அச்சகத்தில் புரூஃப் திருத்தினார். டி.எஸ். எலியட்டின் பத்திரிகைக்கு மதிப்புரை எழுதினார். 1935இல் லண்டனில் சஜ்ஜாத் ஜாகீர் முதலானவர்களோடு சேர்ந்து முற்போக்கு எழுத்தாளர் இயக்கத்துக்கு வித்திட்டவர்களில் ஒருவர். ஸ்பெயினில் உள்நாட்டுப் போர் நடந்தபோது குடியரசுத் தரப்பை ஆதரித்து அங்கே போனார்.

அவர் எழுத ஆரம்பித்த கதையைச் சொல்ல வேண்டும். அவருடைய அத்தை உறவு ஒருவர் ஒரு முஸ்லிம் பெண்ணோடு சேர்ந்து சாப்பிட்டுவிட்டார். சாதிக்காரர்கள் தள்ளி வைத்தார்கள். அந்த அம்மா தற்கொலை செய்துகொண்டார். அந்தத் துக்கத்தில் எழுதியதுதான் தன்னுடைய முதல் உரைநடை என்கிறார் ஆனந்த். ஒரு சோற்றுக் கவளம், ஒரு உயிர். முத்துப்பேட்டையில் தர்காவுக்கும் கோயிலுக்கும் ஒரே கையால் விளக்கு ஏற்றிவிட்டு வருகிற நம் அம்மாக்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

1935இல் வந்தது 'அன்டச்சபிள்', தீண்டத்தகாதவன். 19 பதிப்பாளர்கள் திருப்பி அனுப்பிய பிறகு, ஈ.எம். ஃபார்ஸ்டர் முன்னுரை எழுதிக் கொடுக்க, விஷார்ட் பதிப்பகம் போட்டது. 1936இல் 'கூலி'. 1937இல் அஸ்ஸாம் தேயிலைத் தோட்டத்தை வைத்து 'இரண்டு இலையும் ஒரு மொட்டும்'. அப்புறம் பஞ்சாப் விவசாயி மகன் லாலுவைப் பின்தொடர்கிற மூன்று நாவல்கள்.

கல்லூரியில் படிக்கும்போது நூலகத்தில் அட்டை பிய்ந்து கிடந்த 'அன்டச்சபிளை' எடுத்தேன். அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பதினெட்டு நாள் படித்தேன். கதை ஒரே ஒரு நாள். காலையில் ஆரம்பித்துச் சாயங்காலம் முடிந்துவிடுகிறது. புலாஷா என்ற ஊரில் பட்டாளத்துக் கக்கூஸ்களைச் சுத்தம் செய்கிற பக்கா என்ற பதினெட்டு வயசுப் பையன். அப்பா லக்கா, தங்கை சோஹினி, தம்பி ரக்கா. பக்கா கடையில் சிகரெட் வாங்குகிறான். கடைக்காரன் காசைக் கையில் வாங்கவில்லை. கீழே வைக்கச் சொல்லி, தண்ணீர் தெளித்து, பிறகு எடுக்கிறான்.

அந்தப் பக்கத்தில் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். எங்கப்பா இளைஞராக இருந்தபோது இந்தப் பக்கத்து டீக்கடை ஒன்றில் அவருக்கு இதே நடந்திருக்கிறது. காசைப் பலகையில வை, தள்ளி நில்லு, கொட்டாங்குச்சியில டீ. பெஷாவரில் பிறந்து லண்டனில் உட்கார்ந்து இங்கிலீஷில் எழுதினவன் எங்கப்பனுடைய காசை எப்படிப் பார்த்தான்? இதுதான் எனக்கும் ஆனந்துக்கும் ஏற்பட்ட முதல் உறவு.

நான் வங்கியில் கேஷ் கவுண்டரில் இருக்கிறவன். ஒரு நாளைக்குப் பல லட்சம் என் கை வழியாகப் போகிறது. நோட்டுக்குத் தீட்டு கிடையாது. அது மீன் மார்க்கெட்டில் இருந்தும் வரும், கோயில் உண்டியலில் இருந்தும் வரும், நான் தொட்டதைத்தான் எல்லாரும் தொடுவார்கள். ஆனால் முன்பு வேலை பார்த்த ஓர் ஊரில், நான் இன்ன தெரு என்று தெரிந்த பிறகு, ஒரு பெரிய மனிதர் என் கையிலிருந்து பணம் வாங்கமாட்டார். "அங்கயே வைங்க தம்பி, எடுத்துக்கறேன்" என்பார். மரியாதையாகத்தான் சொல்வார். 'தம்பி' வேற. தண்ணி தெளிக்கவில்லை, அவ்வளவுதான் 1935க்கும் இதுக்கும் உள்ள தூரம்.

*

சரி, கலை விமர்சகருக்கு வருவோம்.

போர் முடிந்து பம்பாய் திரும்பிய ஆனந்த் 1946இல் 'மார்க்' என்ற கலை இதழைத் தொடங்கினார். மார்க் என்றால் வழி, மார்க்கம். டாட்டா நிறுவனத்தின் ஆதரவு இருந்தது. இலங்கையைச் சேர்ந்த அனில் டி சில்வா தொடக்கத்தில் உடன் நின்றார். கோயில் சிற்பம், சுவரோவியம், நெசவு, நடனம், கட்டடம், நகரத் திட்டம் எல்லாவற்றையும் அதில் எழுதவைத்தார். நகரத்தை யாருக்காகக் கட்டுவது என்பதும் கலைக் கேள்விதான் என்று சொன்ன இதழ் அது. பிறகு நவி மும்பையாக வளர்ந்த யோசனை, சார்லஸ் கொரியா முதலானவர்களால் 1965இல் அந்த இதழில்தான் விரிவாக வைக்கப்பட்டது. லலித் கலா அகாதமியின் தலைவராக இருந்து, 1968இல் இந்தியாவின் முதல் சர்வதேச முவ்வாண்டுக் கலைக் கண்காட்சியை தில்லியில் நடத்திக் காட்டினார். கலை என்பது பணக்காரன் வீட்டு அலங்காரம் இல்லை, மனிதன் முழு மனிதனாக ஆவதற்கான வழி என்பது அவருடைய நிலைப்பாடு. பாத்திரம் அடிக்கிறவன் பேரன் அப்படிச் சொன்னதில் ஆச்சரியம் இல்லை.

ஆனால் இங்கே நமக்கு ஒரு சிக்கல் வருகிறது. 'அன்டச்சபிள்' வருவதற்கு இரண்டு வருஷம் முன்னால், 1933இல், அவர் எழுதிய கலைப் புத்தகத்தின் பெயர் 'ஹிந்து வியூ ஆஃப் ஆர்ட்'. கலை பற்றிய இந்துப் பார்வை. சிற்பம், ஓவியம், ரசம், சமயத் தத்துவம், எல்லாம் பேசுகிற புத்தகம். அந்த 1933இல் நம்ம பாட்டன் பூட்டன் எங்கே நின்றுகொண்டிருந்தார்கள்? மதுரை மீனாட்சி கோயிலுக்குள் வைத்தியநாத ஐயரோடு தாழ்த்தப்பட்டவர்கள் நுழைந்தது 1939 ஜூலை 8இல். சென்னை மாகாணம் முழுவதும் கோயில்கள் சட்டப்படி திறந்தது 1947இல். அப்படியானால் அந்தச் சிற்பத்தை யார் பார்த்தது? கலை பற்றிய 'இந்துப் பார்வை'யில் எங்கள் கண் சேர்த்தியா இல்லையா?

தஞ்சாவூர்ப் பெரிய கோயிலை எடுத்துக்கொள்ளுங்கள். 1010இல் ராஜராஜன் முடித்தது. வெளிநாட்டுக் கலை அறிஞர்கள் அண்ணாந்து பார்த்து எழுதின விமானம். அதே கோயில் கல்வெட்டில், வரி நீக்கிய நிலப் பட்டியலில், பறைச்சேரி என்றும் தீண்டாச்சேரி என்றும் செதுக்கியிருக்கிறது. ஒரே கல், ஒரே உளி. சிற்பத்தைப் பார்த்தவர்கள் கலை விமர்சகர் ஆனார்கள். கல்வெட்டைப் படித்தவர்கள் வரலாற்றாசிரியர் ஆனார்கள். ரெண்டையும் ஒரே கண்ணால் பார்க்க வேண்டியவன் ஒருத்தன் இருக்கிறான். கல் சுமந்தவனின் பேரன். அவனைக் கொடிமரத்துக்கு வெளியே நிறுத்தி வைத்திருந்தார்கள்.

இதை ஆனந்த் அறியாதவரா என்றால், அங்கேதான் நாவலாசிரியர் எழுந்து வந்து கலை விமர்சகரின் சட்டையைப் பிடிக்கிறார். 'அன்டச்சபிள்' நாவலில் பக்கா கோயில் முற்றத்தைக் கூட்ட வருகிறான். உள்ளே என்னதான் இருக்கிறது என்று ஆசை. படியேறுகிறான். ஒரு படி, இன்னொரு படி. எட்டிப் பார்க்கிறான். இருட்டு, விளக்கு, பித்தளைச் சிலைகள், ஊதுபத்தி வாசனை, பாட்டு. அந்த அழகில் ஒரு நிமிஷம் தன்னை மறந்து நிற்கிறான். உடனே பூசாரி தீட்டு தீட்டு என்று கத்துகிறான். கூட்டம் கூடுகிறது. திரும்பிப் பார்த்தால் முற்றத்தில் தங்கை சோஹினி. கக்கூஸ் கழுவ வந்தவளிடம் தப்பாக நடக்கப் பார்த்து, அவள் கூச்சல் போட்டதும், அவள் தொட்டுத் தீட்டாக்கிவிட்டாள் என்று ஊரைக் கூட்டியவனும் ஒரு பூசாரிதான்.

தோழர்களே, இந்தியக் கலை பற்றி எழுதிய எத்தனையோ பக்கங்களைவிட இந்தப் படிக்கட்டுக் காட்சி எனக்குப் பெரிய கலை விமர்சனம். கோயில் அழகுதான். பக்காவுக்கும் அது அழகாகத்தான் தெரிகிறது. நமக்கு அழகுணர்ச்சி இல்லை என்று சொல்கிறவன் வாயை அந்த ஒரு நிமிஷம் அடைத்துவிடுகிறது. ஆனால் அந்த அழகைப் பார்ப்பதற்கு ஒரு இடம் வேண்டியிருக்கிறது. அந்த இடம் யாருக்கு உண்டு, யாருக்கு இல்லை என்பதைச் சொல்லாத கலை விமர்சனம் அரை விமர்சனம். ஆனந்த் தன் கலைப் புத்தகத்தைக் கருவறைப் பக்கம் நின்று எழுதினார். நாவலைப் படிக்கட்டில் நின்று எழுதினார். இரண்டையும் எழுதியது ஒரே கைதான், ஆனால் ஒன்றோடு ஒன்று பேசவே இல்லை. முப்பது ஆண்டுகளுக்கு மேல் அவர் நடத்திய மார்க் இதழின் வழவழப்பான பக்கங்களுக்குள் பக்கா துடைப்பத்தோடு நுழையவில்லை.

இதே கேள்வியை 1972இல் லண்டனில் ஜான் பெர்ஜர் வேறு விதமாகக் கேட்டார். அவரும் கலை விமர்சகர், நாவலாசிரியர், இடதுசாரி. நாம் எதைப் பார்க்கிறோம் என்பது நாம் யார், எங்கே நிற்கிறோம் என்பதைப் பொறுத்தது என்று தொலைக்காட்சியில் பேசினார். அதே வருஷம் அவர் நாவலுக்குப் புக்கர் பரிசு கிடைத்தது. பரிசு கொடுத்த புக்கர் நிறுவனம் கரீபியன் கரும்புத் தோட்டத்தில் கொழுத்தது என்று மேடையிலேயே சொல்லி, பாதிப் பணத்தை லண்டனில் இருந்த கறுஞ்சிறுத்தைகளுக்குக் கொடுத்தார். அந்தக் கரும்புத் தோட்டங்களுக்கு ஆப்பிரிக்க அடிமைகளுக்குப் பிறகு ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பல் ஏற்றப்பட்டவர்களில் தமிழ்நாட்டு உழைப்பாளிகளும் உண்டு. அதே 1972இல் பம்பாயில் நாம்தேவ் தசால் முதலான இளைஞர்கள் கறுஞ்சிறுத்தைகளின் பெயரை எடுத்துக்கொண்டு தலித் பேந்தர் அமைப்பைத் தொடங்கினார்கள். ஆனந்த் பக்காவை எழுதி அப்போது 37 வருஷம் ஆகியிருந்தது. பக்காவின் பேரப்பிள்ளைகள் தாங்களே எழுத ஆரம்பித்துவிட்டார்கள்.

*

இப்போது ஆனந்தின் மேல் நம் பக்கத்திலிருந்து வைக்க வேண்டிய குற்றப்பத்திரிகை. மறைக்க வேண்டியதில்லை.

நாவல் முடிகிற இடத்தில் பக்காவுக்கு முன்னால் மூன்று வழிகள் வைக்கப்படுகின்றன. ஒன்று, கர்னல் ஹட்சின்சன் என்ற பாதிரியாரின் ஏசு. ரெண்டு, காந்தி. மூன்று, ஒரு கவிஞன் சொல்லும் இயந்திரம். மனிதக் கை படாமல் மலத்தை அடித்துக்கொண்டு போகிற ஃபிளஷ் கக்கூஸ் வந்துவிட்டால் சாதித் தொழில் போய்விடும், தொழில் போனால் தீண்டாமை போய்விடும். பக்கா இதையெல்லாம் யோசித்தபடி வீட்டுக்கு நடக்கிறான்.

நாலாவது வழி எங்கே? 1927இல் மகாட் குளத்தில் அம்பேத்கர் தண்ணீர் அள்ளிக் குடித்தாகிவிட்டது. வட்டமேசை மாநாடு முடிந்தாகிவிட்டது. 1932 செப்டம்பர் 24இல் பூனா ஒப்பந்தம் எழுதியாகிவிட்டது. நாவலுக்குள் தனி வாக்காளர் தொகுதி பற்றிப் பேச்சு வருகிறது. யார் வாயால்? காந்தி வாயால். வெள்ளைக்காரனின் பிரித்தாளும் சூழ்ச்சி என்று காந்தி அதைச் சொல்கிறார். அதைக் கேட்டுப் போராடியவரின் பெயர் அங்கே இல்லை. பம்பாயை விடுங்கள். ஆனந்தின் சொந்தப் பஞ்சாபிலேயே 1926இல் மங்கு ராம் ஆத் தர்ம இயக்கத்தைத் தொடங்கியிருந்தார். 1931 கணக்கெடுப்பில் நாலு லட்சத்துக்கு மேற்பட்டவர்கள், நாங்கள் இந்துவும் இல்லை முஸ்லிமும் இல்லை சீக்கியரும் இல்லை, ஆத் தர்மிகள் என்று பதிந்தார்கள். பெரும்பாலும் தோல் தொழிலாளர்கள். பக்காவின் சிநேகிதன் சோட்டா தோல் தொழிலாளி மகன்தான். அவன் காதில்கூடவா அது விழவில்லை?

கையெழுத்துப் பிரதியோடு காந்தியின் ஆசிரமத்தில் போய்த் தங்கினேன், கக்கூஸ் கழுவினேன், காந்தி சொல்லித்தான் நாவலை வெட்டிச் சுருக்கினேன் என்று ஆனந்தே பல இடங்களில் சொல்லியிருக்கிறார். கக்கூஸ் கழுவியதை நான் கேலி செய்யவில்லை. எத்தனை எழுத்தாளன் செய்தான்? ஆனால் விரும்பிக் கழுவுகிறவன் நாளைக்கு நிறுத்திக்கொள்ளலாம். பக்காவால் முடியாது. அந்த வித்தியாசம்தான் சாதி.

மூன்றாவது வழியான ஃபிளஷ் கக்கூஸ் வந்தே விட்டது. இப்போது நம் எல்லார் வீட்டிலும் இருக்கிறது. மலம் கண்ணுக்குத் தெரியாமல் தொட்டிக்குள் போகிறது. தொட்டி நிறைந்தால்? கையால் மலம் அள்ளுவதற்குத் தடை விதித்து 1993இல் ஒரு சட்டம், போதாதென்று 2013இல் இன்னொரு சட்டம். பாதாளச் சாக்கடையில் செத்தவர் குடும்பத்துக்குப் பத்து லட்சம் என்று 2014இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2023இல் அதை முப்பது லட்சமாக்கியது. நஷ்டஈடு ஏறுகிறது என்றால் சாவு நிற்கவில்லை என்று அர்த்தம். இயந்திரம் சாதியை ஒழிக்கவில்லை. சாதி இயந்திரத்துக்கு அடியில் ஒரு குழி தோண்டி நம் ஆளை அதற்குள் இறக்கிவிட்டது.

அடுத்தது ஃபார்ஸ்டரின் முன்னுரை. வெள்ளைக்காரனால் இந்த நாவலை எழுதியிருக்க முடியாது, நெருக்கம் போதாது. தீண்டத்தகாதவனாலும் எழுதியிருக்க முடியாது, கோபத்திலும் சுய இரக்கத்திலும் மூழ்கிப்போவான். வெளியே நின்று பார்த்த இந்தியனால்தான் முடியும் என்கிற கருத்தை அதில் சொல்கிறார். நல்ல மனுஷன்தான் ஃபார்ஸ்டர். ஆனால் நல்ல மனுஷன் சாத்துகிற கதவு சத்தமே இல்லாமல் சாத்திக்கொள்ளும். இலக்கியம் என்றால் நிதானம், விலகல், சமன் என்று நம்மிடம் இன்றைக்கும் சொல்கிறார்களே, அந்த அளவுகோலின் ஒரு முனை இங்கே இருக்கிறது.

வெளியே நின்று பார்த்தால் என்ன ஆகும் என்பதற்கு நம் மாவட்டங்களுக்கு ஒரு அனுபவம் உண்டு. 1968 டிசம்பர் 25, கீழ்வெண்மணி. 44 உயிர். கூலி உயர்வு கேட்டதற்காக, சங்கம் வைத்ததற்காக. அந்த நெருப்பை வைத்து எழுதிய 'குருதிப்புனல்' நாவலுக்கு 1977இல் சாகித்ய அகாதமி பரிசு கிடைத்தது. இந்திரா பார்த்தசாரதி ஆற்றல் உள்ள எழுத்தாளர். ஆனால் அந்த நாவலில் பண்ணையாரின் கொடூரத்துக்கு வேர் அவருடைய ஆண்மைக் குறையில் தேடப்படுகிறது. நிலம் கேட்ட, கூலி கேட்ட நம் ஜனங்கள் பின்னணிக்குப் போய்விடுகிறார்கள். சாணிப்பால் குடித்தவன், சவுக்கடி பட்டவன், பி. சீனிவாசராவ் பின்னால் செங்கொடி பிடித்து நடந்தவன், இவன் மனசு என்ன என்பது பரிசு வாங்கின பக்கங்களில் போதவில்லை.

*

இத்தனையும் சொன்ன பிறகு ஆனந்தைத் தூக்கி எறிந்துவிடலாமா? என்னால் முடியவில்லை. ரெண்டு காரணம்.

முதல் காரணம் நாவலிலேயே இருக்கிறது. பையன்கள் ஹாக்கி ஆடுகிறார்கள். கல்லெறிச் சண்டை வருகிறது. ஒரு சின்னப் பையன் மண்டையில் அடிபட்டு ரத்தம் கொட்டுகிறது. பக்கா அவனைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு ஓடுகிறான். தாய்க்காரி பிள்ளையின் ரத்தத்தைப் பார்ப்பதற்கு முன்னால் தீட்டைப் பார்க்கிறாள். பக்காவைத் திட்டுகிறாள். சின்ன வயசில் தனக்கு இப்படி நடந்தது, தன்னைத் தூக்கிப்போன துப்புரவுக்காரப் பையன்தான் பக்காவுக்கு மூலம் என்று ஆனந்த் சொல்லியிருக்கிறார். அப்படியானால் எழுத்தாளர் இந்த நாவலுக்குள் எங்கே இருக்கிறார்? பக்காவாக இல்லை. பக்காவின் தோளில் இருக்கிறார். தூக்கிச் சுமக்கப்பட்டவர். தன் தாயே அவனைத் திட்டுவதைத் தோளில் இருந்தபடி கேட்டவர். ஆதிக்க சாதி எழுத்தாளன் எவனும் நேர்மையாக இருந்தால், நம்மைப் பற்றி அவன் எழுதக்கூடிய இடம் அதுதான். உன் பக்கம் நின்றேன் என்று சொல்ல வேண்டாம். உன் தோளில் இருந்தேன், என் அம்மா உன்னைத் திட்டினாள் என்று சொல்லட்டும். அதுக்குமேல் உள்ளதை நாங்கள் எழுதிக்கொள்கிறோம்.

இரண்டாவது காரணம் அவருடைய முதுமை. 1936இல் லாகூரின் ஜாத்-பாத்-தோடக் மண்டல் அம்பேத்கரைப் பேசக் கூப்பிட்டு, பேச்சின் வாசகத்தைப் பார்த்துப் பயந்து மாநாட்டையே ரத்து செய்தது. அந்தப் பேச்சை அம்பேத்கர் சொந்தச் செலவில் அச்சிட்டார். அதுதான் 'சாதி ஒழிப்பு'. ஆனந்தின் பஞ்சாபில் பேசப்பட வேண்டிய பேச்சு, 'அன்டச்சபிள்' வந்த அடுத்த வருஷம். 54 வருஷம் கழித்து, 1990இல், 84 வயசில், பேசப்படாத அந்தப் பேச்சை ஆனந்த் பதிப்பித்து வெளியிட்டார். 1992இல் எலினார் ஸெலியட்டோடு சேர்ந்து தலித் இலக்கியத் தொகுப்பு ஒன்றை ஆங்கிலத்தில் கொண்டுவந்தார். மராத்தி தலித் கவிஞர்களின் குரல் அதில் இருக்கிறது. தீண்டத்தகாதவனால் எழுத முடியாது என்ற முன்னுரையோடு தன் வாழ்க்கையை ஆரம்பித்தவர், தீண்டத்தகாதவர்கள் எழுதியதைத் தொகுத்துக் கொடுத்துத் தன் முன்னுரையைத் தானே ரத்து செய்துவிட்டார். நாலாவது வழியை நாவலில் விட்டுவிட்டோம் என்று அவர் வாய்விட்டுச் சொன்னாரோ இல்லையோ, கையால் சொல்லிவிட்டார். அந்த வயசில் எத்தனை பேர் தன்னைத் திருத்திக்கொள்கிறார்கள்? நம் இயக்கத் தலைவர்களையும் சேர்த்துத்தான் கேட்கிறேன்.

அதே 1992இல் தமிழில் பாமாவின் 'கருக்கு' வந்தது. அடுத்த வருஷம் ராஜ் கௌதமனின் 'தலித் பண்பாடு'. கே.ஏ. குணசேகரன் பறையையும் பாட்டையும் மேடைக்குத் தூக்கி வந்தார். ராஜ் கௌதமனும் விமர்சகர், நாவலாசிரியர். சங்க இலக்கியத்தைக் கீழே நின்று பார்த்தால் எப்படித் தெரியும் என்று நமக்குக் காட்டினார். தன் கதையை எழுதும்போது தன்னையே கேலி செய்துகொண்டார். கோபமும் சுய இரக்கமும் மட்டும்தான் நமக்கு வரும் என்று ஃபார்ஸ்டர் நினைத்தார். சிரிப்பும் வரும் என்று சிலுவைராஜ் காட்டினான்.

*

கடைசியாக, எங்கள் தெருப் பெரியவருக்குப் பதில்.

இன்றைக்கு நகரத்தில் பறை வகுப்பு நடக்கிறது. பட்டதாரிப் பிள்ளைகள் காசு கட்டிக் கற்றுக்கொள்கிறார்கள். மேடையில் விளக்கு, கைதட்டல். தமிழரின் ஆதிக் கலை என்கிறார்கள். நல்லது. எங்கள் தெருவில் அதே பறையை எங்கள் பிள்ளைகள் தொடமாட்டேன் என்கிறார்கள். தொட்டால் நாளைக்கு ஊர்த்தெருவில் சாவு விழுந்ததும் கூப்பிடுவான், போகாவிட்டால் வம்பு. ரெண்டு பேரும் சரி. ஒரே தோல், ஒரே குச்சி. மேடையில் கலையாக இருப்பது எங்கள் தெருவில் ஏன் அடிமைச் சீட்டாக இருக்கிறது? அடிக்கிறவனுக்கு 'மாட்டேன்' என்று சொல்லும் உரிமை இருக்கிறதா என்பதைப் பொறுத்தது அது. அந்த உரிமை இருந்தால் கலை. இல்லாவிட்டால் வெட்டி வேலை. இதைக் கலைப் புத்தகங்கள் எனக்குச் சொல்லித் தரவில்லை. கைதூக்கின பெரியவர் சொல்லித் தந்தார்.

ஆகவே பெரியப்பா, நமக்கு எதுக்கு என்று கேட்டீர்களே, நீங்கள் ஏற்கனவே கலை விமர்சகர்தான். எழுதவில்லை, அவ்வளவுதான். எழுத வேண்டியது நாங்கள்.

இங்கே இருக்கிற பிள்ளைகளிடம் ஒரு வேண்டுகோள். அடுத்த கூட்டத்துக்கு வரும்போது வீட்டில் இருக்கிற ஒரு பொருளைப் பற்றி ஒரு பக்கம் எழுதிக்கொண்டு வாங்க. முறம், கூடை, மீன் பறி, அம்மாவின் நடவுச் சேலை, பரணில் கிடக்கிற பறை, எதுவானாலும் சரி. யார் செய்தது, எந்தக் கை, என்ன கூலி, யார் பார்த்து அழகு என்றது, யார் பார்த்துத் தீட்டு என்றது, இதை மட்டும் எழுதுங்க. நடை நல்லா இருக்கணும்னு அவசியம் இல்லை. நான் படித்துக் காட்டுகிறேன். தப்பிருந்தால் பெரியப்பா திருத்துவார்.

ஜெய்பீம்.